குடுவை தெளிந்துவிட்டது

என் அருமைத் தங்கை கமலிக்கு,

நீ போய் இரண்டு மழைக்காலம் ஆகிவிட்டது. உன்னை அறிந்தவர்களும் படிக்கட்டும் என்றுதான் இதை வெளிப்படையாக எழுதுகிறேன். வரிசை போட்டுக்கொள்ளாமல் எனக்கு எழுத வராது. நீ சிரித்தாலும் பரவாயில்லை.

1. உன் பாசிகள் யார் என்பது.
2. அவை கடலுக்குச் செய்வது.
3. உன் குடுவையில் நடந்தது.
4. அதில் எதுவும் மிஞ்சவில்லை என்பது.

முதலாவது. நீ எதை ஆராய்ந்தாய் என்று கேட்டால் நம் உறவுக்காரர்கள் இன்றும் "கடல்ல ஏதோ பாசி" என்கிறார்கள். கண்ணுக்குத் தெரியாத ஒற்றைச் செல் பாசி அது. வெயிலைக் கொண்டு வளர்வது. சுண்ணாம்புச் செதில்களைத் தானே செய்து, தன்னைச் சுற்றி அணிந்துகொள்வது. பெரிதாக்கிய படத்தை நீ முதலில் காட்டியபோது, துணியே இல்லாமல் பொத்தான்களால் மட்டும் தைத்த சட்டை என்று எனக்குத் தோன்றியது.

இரண்டாவது. குளிர்ந்த கடல்களில் அவை கோடி கோடியாகப் பெருகினால், நீர் பால் கலந்த நீலமாகி விண்வெளியிலிருந்தே தெரியும். இறந்தவை அடியில் படிந்து, யுகங்கள் கழித்து வெள்ளைப் பாறையாக எழும். காற்றிலிருந்த கரியில் கொஞ்சம் அவற்றோடு கடலடிக்குப் போய்ச் சேர்கிறது. ஆனால் செதில் செய்யும் வேலையே கொஞ்சம் கரியமில வாயுவை வெளியேற்றவும் செய்கிறது. கல்லூரியில் வேதியியல் நடத்தியவன் நான். இருந்தும் உன் பேச்சை நம்பாமல் சமன்பாட்டை எழுதிப் பார்த்தேன். "என்ன அண்ணா, பேலன்ஸ் ஆகுதா?" என்றாய். ஆயிற்று.

நாம் விடும் புகை கடலில் கரையக் கரைய, அதன் காரத்தன்மை குறைந்துகொண்டே வருகிறது. செதில் செய்வது கடினமாகிறது. செய்த சட்டை உடம்பிலேயே கரையும் நாள் வருமா? சட்டையின் கனம் போனால் கரி அடிவரை இறங்குமா? நான் கேட்டால் நீ மின்விசிறியையே பார்த்துக்கொண்டிருப்பாய். அதுதான் என்னைப் பயமுறுத்தியது.

மூன்றாவது. செம்பாக்கம் வீட்டுக் கூடத்தில், நீ பாசி வளர்த்த குடுவை இருக்கும் கண்ணாடிக் கதவு ஃப்ரிட்ஜ் உள்விளக்கோடு இன்னும் ஓடுகிறது. ரிப்பேருக்கு வந்தவர் உள்ளே எட்டிப் பார்த்தார். "இன்னா சார், பொட்டி இம்மாம் பெர்சா கீது, உள்ள ஒரே ஒரு பாட்டிலு? யாவாரம் டல்லா?" என்றார். "என் தங்கச்சியோடது. அவ இல்ல" என்றேன். அவர் கதவை மெதுவாகச் சாத்தினார்.

மாதம் ஒருமுறை கொஞ்சம் எடுத்துப் புதுக் கடல்நீருக்கு மாற்றினால் போதும் என்று ஆஸ்பத்திரிப் படுக்கையில் சொன்னாய். "நீங்க பண்ணுவீங்க அண்ணா. பல்லு தேய்க்கிறதையே ப்ரொசீஜரா பண்ற ஆளாச்சே." பண்ணினேன். நீ தயாரித்து வைத்திருந்த நீர் தீர்ந்ததும் கோவளம் போய் மொண்டுவந்தேன். அலை கணுக்காலில் வெதுவெதுப்பாகப் பட்டது. வடிகட்டி, கிருமி சாவதற்காக நீ செய்ததுபோலவே பிரஷர் குக்கரில் வைத்தேன். விசிலுக்குப் பயந்து சீக்கிரம் அணைத்துவிட்டேனோ? நிச்சயமாகச் சொல்ல முடியவில்லை. பாசியைப் புது நீருக்கு மாற்றியதும், வழக்கம்போலப் பழைய குடுவையைக் கழுவிக் கவிழ்த்துவிட்டேன்.

சில நாட்களில் புதுக் குடுவை என்றுமில்லாத அளவுக்கு வெண்மையானது. மகள் மாதவிக்குப் போன் செய்து, "அமோகமா வளருதும்மா" என்றேன். போனை வைத்த பிறகுதான் நீ சொன்னது நினைவுக்கு வந்தது. கடல் மிக வெளுத்துத் தெரிவது அவை செழிக்கும்போது அல்ல; வைரஸ் தாக்கிச் செத்து, செதில்களை உதிர்க்கும்போது. நான் கொண்டாடியது ஒரு சாவை.

பிறகு நீர் தெளியத் தொடங்கியது. வெளியே மழை விடவில்லை, வீட்டுக்குப் பக்கத்து ஏரியில் நீர் ஏறிக்கொண்டிருந்தது. குடுவையின் அடியில் கஞ்சிபோல வெண்படிவு. மேலே நாளுக்கு நாள் தெளிவு. அந்தத் தெளிவைப் பார்க்கவே எனக்கு அச்சமாக இருந்தது.

நான்காவது. ஆகவே, எதுவும் மிஞ்சவில்லை.

இதுவரை எழுதி மடித்து வைத்திருந்தேன். நேற்று மேடவாக்கத்திலிருந்து மாதவி வந்தாள்.

"செத்துப்போச்சுன்னு நீங்களே சொல்றீங்க. ஃப்ரிட்ஜை ஆஃப் பண்ணிட்டு எங்க வீட்டுக்கு வந்துடுங்கப்பா. ஏரி வேற பயமுறுத்துது. அத்தை இருந்தா அவங்களும் இதைத்தான் சொல்லுவாங்க."

குடுவையை எடுத்துக்கொண்டு சிங்க்கை நோக்கி நடந்தாள்.

"இரும்மா. ஒரு சொட்டு பார்த்துடறேன்."

"இனிமே எதுக்குப்பா?"

"ப்ரொசீஜர்."

உன் மைக்ராஸ்கோப்பில் உடைந்த செதில்கள் மட்டும் தெரிந்தன. பிறகு ஓரத்தில் ஏதோ நகர்ந்தது. சட்டையே இல்லாத சிறு உருண்டைகள் துடித்துத் துடித்து நீந்திக்கொண்டிருந்தன. மாதவியைப் பார்க்கச் சொன்னேன். "அய்யோ, ஓடுதுப்பா!" என்றாள்.

வேறு ஏதாவது நுழைந்திருக்குமோ என்ற சந்தேகம் எனக்கு இன்னும் முழுதாகப் போகவில்லை. ஆனால் நீ சொல்லியிருக்கிறாய்: "அந்த வைரஸால சட்டை போட்டவனைத்தான் பிடிக்க முடியும் அண்ணா. சிலது சட்டையில்லாத இன்னொரு உருவத்துக்கு மாறி, நீந்தித் தப்பிச்சிடும்." அவை மறுபடி எப்போது சட்டை போடும்? போடும் காலத்தில் அதற்கேற்ற கடல் இருக்குமா? மின்விசிறியைப் பார்க்கும் முறை இப்போது எனக்கு.

மேடவாக்கம் போகிறேன். ஃப்ரிட்ஜும் வருகிறது, சோஃபாவை நகர்த்திக்கொள்ளலாம் என்று மாதவியே சொல்லிவிட்டாள். உனக்கு ஒரு வாக்குத் தருகிறேன்: இனி எத்தனை விசில் வந்தாலும், நேரம் ஆகும்வரை அடுப்பை அணைக்கமாட்டேன்.

நான்காவதாக எழுதியது தவறு, கமலி. நீ பார்ப்பதற்காக அதை அடிக்காமல் விட்டிருக்கிறேன்.

உன் பயந்தாங்கொள்ளி அண்ணன்