பூட்ஸில் ஒட்டிய சேறு

கோர்மக்,

அன்புள்ள என்று எழுதக் கை வரவில்லை. டப்ளினில் உன் அண்ணன் வீட்டில் விடுதலையைக் கொண்டாடிக்கொண்டிருப்பாய். நான் தனியாக பஸ் ஏறி ஊருக்கு வந்துவிட்டேன்.

இறங்கியதுமே கடைக்கார நோரீன் கட்டிப்பிடித்தாள். "அதான் அப்பீல்ல ஜெயிச்சாச்சே! இன்னும் ஏன்டி மூஞ்சியத் தூக்கி வச்சிருக்க?"

அவளிடம் என்ன சொல்வேன்? டோனல் கொலையான சதுப்பு நிலத்தின் கறுப்புச் சேறு உன் பூட்ஸில் இருந்ததால்தான் உன்னை உள்ளே தள்ளினார்கள். நேரில் பார்த்த சாட்சி ஒருவருமில்லை. அதே சேறு ஊரில் இன்னோர் இடத்திலும் உண்டு என்று உன் வக்கீல் இப்போது காட்டிவிட்டார். விதவை டெர்வ்லாவின் கொல்லைக் கதவுக்கு வெளியே.

நீ அங்கே நின்றிருக்கலாம், அந்தச் சந்தேகத்தின் பலன் உனக்குத்தான் என்றார் நீதிபதி. உன் அண்ணன் அழுதார். நான் கோர்ட்டில் உட்கார்ந்திருந்த டெர்வ்லாவைத்தான் பார்த்தேன். புதுப் பச்சைக் கோட்டு! தலை நிமிரவே இல்லை.

நாலு வருஷம் சிறைக்கு வந்து வந்து போனேனே, அந்தக் கதவைப் பற்றி ஒரு வார்த்தை சொன்னாயா? அவள் பெயர் கெடுவதைவிட ஜெயிலே மேல் என்று இருந்துவிட்டாயா?

நீதிமன்றத்துக்கு 'நின்றிருக்கலாம்' போதும். எனக்குப் போதாது. அன்றைக்கு நீ சதுப்பு நிலத்தில்தான் நின்றாய் என்றால் வீட்டுக்கு வா. டோனலைப் பற்றி ஒரு கேள்வி கேட்கமாட்டேன். பூட்ஸை நானே கழுவிவைக்கிறேன்.

அவள் கதவருகே நின்றாய் என்றால் நீ நிரபராதி. அங்கேயே போய் இரு.

சந்தேகத்தின் பலனைத் தர முடியாத
உன் மனைவி