அப்பாவின் சோற்றை விழுங்கிய வெள்ளைப் பறவைகள்

அன்புள்ள அம்மாவுக்கு, அயர்லாந்திலிருந்து உங்கள் மூத்தவன் வணங்கி எழுதுவது. முழங்கால் வலி குறைந்ததா? நான் சுகம், கோபந்தான் குறையவில்லை. எல்லாம் உங்கள் இளைய மகன் தவநேசன்மேல்.

அப்பா இல்லாத முதல் ஆடி அமாவாசை. கரம்பொனில் கடலருகே இருப்பவனிடம் படைக்கச் சொன்னால், "எனக்கு வேலை அண்ணை, ஏலாது. எல்லாக் கடலும் ஒண்டுதானே, நீங்களே அங்கை செய்யுங்கோ" என்றான். நான் இருக்கும் ஊரில் கடல் இல்லை. அதனால் கடற்கரையை நாள் முழுக்கச் சுற்றிக் காட்டும் பஸ்ஸில், சோற்றுப் பொட்டலத்தோடு ஏறினேன்.

கரையெல்லாம் செங்குத்துப் பாறை; தண்ணீரைத் தொட வழியில்லை. பஸ் நின்ற இடத்து மதிலில் சோற்றை வைத்து, "கா, கா" என்று கத்தினேன். பஸ்ஸில் வந்த சனமெல்லாம் என்னையே பார்த்தது. காகம் வரவில்லை. கோழியளவு வெள்ளைக் கடற்பறவைகள் வந்து சோற்றை விழுங்கிவிட்டு, ஒரு கிழவர் கடித்துக்கொண்டிருந்த பாண் துண்டையும் பறித்தன.

"பறவைகளுக்குச் சாப்பாடு போடக் கூடாதென்று சொன்னேனே!" என்று சீறிய வழிகாட்டிப் பெண், குழப்படிப் பெடியனைப்போல என்னைத் தன் பக்கத்தில் இருத்தினாள். இந்த நரைத்த தலையோடு! அவளைத் திட்ட என் இங்கிலீசு போதவில்லை. பின்னேரம்வரை தவநேசனைத் தமிழில் திட்டினேன்.

அந்தப் பறவைகளுக்கு அப்பாவைத் தெரியாது, அம்மா. வாற அமாவாசைக்கு நீங்களே வேலியடியில் ஒரு பிடி சோறு வையுங்கோ. இந்தக் கடிதத்தோடு ஊருக்கு வரும் இராசமணி அக்காவிடம் மிளகாய்த்தூள் கொடுத்துவிடுங்கோ. அவ இப்போதே புறப்படச் சப்பாத்துப் போட்டுக்கொண்டு நிற்கிறா. காகம் வந்ததா என்பதை மட்டும் தவநேசன் மூலம் சொல்லாமல், நீங்களே போன் எடுத்துச் சொல்லுங்கோ. வராவிட்டாலும் எடுங்கோ.

உங்கள் மகன்,
குகநேசன்