எழுதிக் கொடுக்காத வருத்தக் கடிதம்

ஜூன் 2, 1999. புதன்

காலையிலிருந்து தூறல். குடையை அவர் ஒர்க்‌ஷாப்புக்கு எடுத்துப் போய்விட்டார். தலையில் முந்தானையோடு கோர்ட்டுக்கு.

மூன்று வருடம் காத்திருந்த கேஸ். கூப்பிட்ட நேரத்தில் நான் பாத்ரூமில். ஓடி வந்தால் வக்கீலம்மா வெளியே வந்துகொண்டிருக்கிறார்.

"ஜெயிச்சாச்சு ரெஜினா. டிஸ்மிஸ் ஆர்டர் ரத்து. உங்களை மறுபடி வேலையில சேத்துக்கணும்."

"கொடை எடுத்துட்டு வரலைம்மா" என்றேன். ஏன் அப்படிச் சொன்னேன், தெரியவில்லை.

அவருக்கு பூத்திலிருந்து போன். "நெஜமாவா? இன்னொரு வாட்டி சொல்லு." மூன்று வாட்டி சொன்னேன். சாயங்காலம் காக்ஸ் டவுன் மார்க்கெட்டில் வஞ்சிரம் வாங்கி வந்தார். மகள் ஜெனி காலேஜிலிருந்து வந்ததும் என்னைத் தூக்கிச் சுற்றப் பார்த்தாள். முடியவில்லை. எடை கூடிவிட்டேன்.

ஜூன் 11, வெள்ளி

தீர்ப்பு நகல் கைக்கு வந்தது. ஒன்பது பக்கம். பஸ்ஸில் படித்துக்கொண்டே ஜீவனஹள்ளி ஸ்டாப்பைத் தவறவிட்டேன்.

எல்லாம் இருக்கிறது. பதினான்கு வருடம் கன்னட டைப்பிஸ்ட். ஒரு ஃபைல் காணோம். கடைசியாக என் மேசையில்தான் இருந்தது என்று சூப்பிரண்டு எழுதினார். நான்காம் நாள் வேலை போனது. நோட்டீஸ் இல்லை, ஒரு கேள்விகூட இல்லை. விசாரிக்காமல் நீக்கியது செல்லாது என்கிறது தீர்ப்பு. கடைசிப் பக்கத்தில் ஒரு வரி: துறை விரும்பினால் முறைப்படி விசாரணை நடத்தலாம்.

வக்கீலம்மாவுக்கு போன். "நான் தொலைக்கலைன்னு எங்கயும் போடலையேம்மா?"

"அவங்க விசாரிக்கவே இல்லையே. விசாரிச்சாத்தானே அது வெளிய வரும்?"

கொஞ்சம் உறுத்தல். இருந்தாலும் சந்தோஷம்தான்.

செய்ய வேண்டியது: ஜெராக்ஸ் நாலு. நீலப் புடவைக்கு ஃபால்ஸ். செருப்பு. கன்னட மெஷினைத் தொட்டு மூன்று வருடம். ஜெனியின் மேசையில் விரலால் தட்டிப் பார்த்தேன். விரல்கள் மறக்கவில்லை.

ஜூன் 14, திங்கள்

நல்ல வெயில். பத்து மணிக்கு ஆபீஸ். தபால் பிரிவு சாரதம்மா எழுந்து வந்து கட்டிக்கொண்டாள். அவளுடைய தமிழில் பாதி கன்னடம். "பந்துட்டியா! நோடி, ரெஜினா பந்துட்டா!" மூலையில் இருந்தவர்கள்கூடத் திரும்பினார்கள்.

சூப்பிரண்டு உட்காரச் சொல்லவில்லை. தயாராக ஒரு காகிதம். கன்னடத்தில் இரண்டே வரி. ஃபைல் தொலைந்ததற்கு வருந்துகிறேன். இனி இப்படி நடக்காது.

"இதுல சைன் ஹாக்கும்மா. இன்னிக்கே சேர்ந்துக்கோ. இல்லேன்னா விசாரணை வைப்போம். உனக்கு ஏன் அந்தத் தலைவலி?"

பேனாவை எடுத்துவிட்டேன். எடுத்தது நிஜம். "அஞ்சு நிமிஷம் சார்" என்று கீழே பூத்துக்கு ஓடினேன். வக்கீலம்மா கோர்ட்டில். ஒர்க்‌ஷாப்பில் அவர் கிடைத்தார். "போட்டுட்டு உள்ள போ, ரெஜி. இனிமே என்னால முடியாது" என்றார். குரல் உடைந்திருந்தது.

படியேறும்போது நானே முடிவெடுத்தேன்.

"விசாரணை வைங்க சார். விசாரிக்கலைன்னுதானே மூணு வருஷம் கேஸ் நடத்தினேன். வந்து பதில் சொல்றேன்."

முகம் சிவந்தது அவருக்கு. வேலையில் சேரும் கடிதத்தையும் தீர்ப்பு நகலையும் சாரதம்மாவிடம் கொடுத்தேன். சீல், தேதி, நேரம், எல்லாம் போட்டுத் தந்தாள். சூப்பிரண்டு சொன்னது: "நாளைக்கு வா."

ஜூன் 15, செவ்வாய்

நாள் முழுக்க வராண்டா பெஞ்சு. சாரதம்மாவின் சித்ரான்னம், மாங்காய் போட்டது. போகிறவர் வருகிறவர் எல்லாம் "சேர்ந்தாச்சா?" கை விரித்தேன்.

வீட்டில் அவர் வெங்காயம் உரித்துக்கொண்டே, "நீ செஞ்சதுதான் சரி. நான்தான் பயந்துட்டேன்" என்றார். இருபது வருடத்தில் இரண்டாவது முறை இப்படி ஒப்புக்கொள்கிறார். முதல் முறை சீலிங் ஃபேன் மாட்டியபோது.

ஜூன் 16, புதன்

மேலதிகாரி தீர்ப்பைப் படித்தாராம். இன்றே சேர்த்துக்கொள்ளச் சொல்லிவிட்டார். சேர்க்கும் உத்தரவை டைப் அடிக்க ஆள் இல்லை, இருக்கும் ஒரே டைப்பிஸ்ட் லீவ். ஆகவே டிராஃப்ட் என்னிடமே வந்தது!

மூன்றாவது வரியில் விரல் நின்றது. "தவறுக்கு வருத்தம் தெரிவித்ததன் பேரில்..."

எழுந்து சூப்பிரண்டிடம் போனேன். "சார், இந்த லெட்டர் நான் தரலையே."

கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "டிராஃப்ட்ல தப்பா வந்திருக்கும்."

"அந்த வரியை அடிச்சுக் கொடுங்க சார்."

சிவப்புப் பென்சிலால் அடித்தார். பக்கத்தில் இனிஷியல் போடும்வரை நின்றேன். ஒரு ஒரிஜினல், மூன்று கார்பன். ஒரு பிழை இல்லை. என் பெயரை நானே டைப் அடித்தேன். சுகமாக இருந்தது.

கையெழுத்துக்கு வைத்தபோது கேட்டேன். "விசாரணை எப்ப சார்?"

"அதெல்லாம் விடும்மா. சேர்ந்துட்டே இல்ல?"

ஜூன் 17, வியாழன்

மேகமூட்டம். அட்டெண்டன்ஸில் கையெழுத்து. நாற்காலி ஆடுகிறது, காலுக்கு அட்டை மடித்து வைத்தேன். ஜன்னல் பக்கம் கிடைத்தது. இரண்டு டீ.

உணவு இடைவேளையில் என் சொந்தக் காகிதத்தில் ஒரு மனு அடித்தேன். காணாமல் போன ஃபைல் குறித்து முறைப்படி விசாரணை நடத்தி, முடிவை எழுத்தில் தரும்படி கேட்டுக்கொள்கிறேன்.

சாரதம்மா இரண்டு தரம் படித்தாள். "ஹுச்சா நினகே? பைத்தியமா ஹிடிச்சிருக்கு? யாராவது தம்மேலயே விசாரணை கேப்பாங்களா?"

"நான் கேக்கறேன். சீல் போடு."

சிரித்துக்கொண்டே சீலை மையில் ஒற்றினாள். பகல் 1.40.