சாக்கைக் கழிக்காத எடை

அக்கா,

இன்று காலை மந்தைவெளி மார்க்கெட்டில், நீங்கள் உட்காரும் இடத்தில் வேறொரு பெண் வெங்காயம் விற்றுக்கொண்டிருந்தாள். மூட்டையைத் தராசில் ஏற்றுவதற்கு முன் வெறும் சாக்கைப் போட்டு நிறுத்துப் பார்த்தாள். கோணி நெடி முகத்தில் அடித்தது. வாங்க வந்ததை வாங்காமலே திரும்பிவிட்டேன்.

மயிலாப்பூரில் என் அறைக்கு நீங்கள் முதன்முதலில் வந்தபோதும் இதே நெடிதான். ஆட்டோ ஓட்டும் உங்கள் வீட்டுக்காரரைக் கஞ்சா வழக்கில் பிடித்து ஒன்பது நாள் ஆகியிருந்தது. சவாரி ஏறியவன் மூட்டையை விட்டுவிட்டு ஓடிவிட்டான், இவர் மாட்டிக்கொண்டார் என்றீர்கள். இதயக் கோளாறு வேறு, வாக்கியத்துக்கு வாக்கியம் மூச்சு வாங்கியது. "நான் போறதுக்குள்ள அவர வூட்டுக்குக் கொண்டாந்துடு வக்கீலம்மா." நீங்கள் கேட்டது அது ஒன்றுதான்.

நான் சட்டம் பேசினேன். எடை இருபது கிலோவைத் தாண்டிவிட்டால் ஜாமீன் குதிரைக்கொம்பு. அவர் குற்றவாளி இல்லை என்று நம்ப நியாயமான காரணம் இருக்க வேண்டும். வெளியே வந்தால் மறுபடி தப்புச் செய்ய மாட்டார் என்றும் நீதிபதிக்குத் தோன்ற வேண்டும்.

"இன்னாம்மா இது? கேஸே இன்னும் நடக்கல. இப்பவே அவரு தப்பு பண்லன்னு நம்பணும்னா, அப்பால கேஸு எதுக்கு?"

வழக்குக் கட்டைப் பிரித்து, பிடிபட்ட கஞ்சா இருபது கிலோ நானூறு கிராம் என்று படித்துக் காட்டினேன். சட்டென்று கேட்டீர்கள்: "சாக்கோடயா, சாக்கக் கழிச்சா?"

சிரித்தேன் அக்கா. "இது வெங்காய மூட்டை இல்லக்கா" என்றேன். பெரிய படிப்பு படித்தவள் அல்லவா! நீங்களும் சிரித்துவிட்டு அதோடு விட்டுவிட்டீர்கள்.

அவர் நிரபராதி என்று பக்கம் பக்கமாக எழுதி வாதாடினேன். மனு தள்ளுபடி. பெருங்குடியையும் தாண்டியிருக்கும் குடியிருப்பிலிருந்து வாரம் தவறாமல் பஸ் பிடித்து வந்து, "இன்னிக்காவது எதுனா நல்ல சேதி இருக்குதாம்மா?" என்பீர்கள். நாலாவது மாதம் நீங்கள் வரவில்லை. கொள்ளி வைக்க மட்டும் அவரைப் போலீஸ் காவலோடு கூட்டி வந்தார்கள்.

பதினாறாம் நாள் காரியத்துக்கு உங்கள் வீட்டுக்கு வந்தேன். வாசலோரம் சாக்குகள் மடித்துக் கிடந்தன, மேலே உங்கள் தராசு. அப்போதுதான் எனக்கு உறைத்தது. அறைக்கு ஓடிவந்து வழக்குக் கட்டைப் பிரித்தேன். பறிமுதல் செய்தபோது எழுதிய காகிதத்திலேயே இருந்தது: 'சாக்குடன் சேர்த்து'. எத்தனை தடவை படித்திருப்பேன் அதை!

இரண்டாவது மனு போட்டேன். "சாக்கைக் கழித்தால் எவ்வளவு?" என்று நீதிபதி கேட்டார், நீங்கள் கேட்ட மாதிரியே. அரசு வக்கீலால் சொல்ல முடியவில்லை. இருபது கிலோ என்பதே சந்தேகம் என்றானதும் அந்தக் கடுமையான நிபந்தனைகள் விலகின. ஜாமீன் கிடைத்தது.

வெளியே வந்தவர் நேராக என் அறைக்கு வந்து கையெடுத்துக் கும்பிட்டார்.

"இத யாரு மேடம் கண்டுபுடிச்சது?"

"உங்க வீட்டம்மாதான்."

அழுதுகொண்டே சிரித்தார். "அவளா! எப்போ சொன்னா மேடம்?"

"கடைசியா வந்தப்போ" என்று பொய் சொன்னேன்.

இப்போது ஆட்டோவில் ஏறுகிறவர்களிடமெல்லாம் அதைப் பெருமையாகச் சொல்கிறாராம். நானும் எந்தக் கட்டைப் பிரித்தாலும் முதலில் உங்கள் கேள்வியைத்தான் கேட்கிறேன். முதல் நாளே நீங்கள் கேட்டுவிட்டீர்கள் என்பதை அவரிடம் சொல்லத்தான் இன்னும் வாய் வரவில்லை, அக்கா.