இடப்பக்கம் உன் வழி, வலப்பக்கம் என் வழி

நடந்ததை நடந்தபடியே எழுதுவது என்று முடிவு செய்துதான் இதைத் தொடங்குகிறேன். அழகுக்காக எதையும் சேர்க்க மாட்டேன். கணினி அறையில் நாம் எப்போதும் உட்காரும் இடத்தில் இருக்கிறேன். கதவைத் திறந்ததும் ஈரச் செருப்பும் சூடேறிய தூசியும் கலந்த அதே வாசம் வந்தது. உன் நாற்காலியை இழுத்துப் போடக் கை தானாகப் போய்விட்டது.

பள்ளிக் கண்காட்சிக்கு வலைப்பக்கம் செய்யச் சொன்னார்கள். மற்றவர்கள் சூரியக் குடும்பம், தேசியப் பறவை என்று எடுத்துக்கொள்ள, நாம் வீட்டிலிருந்து பள்ளிக்கு வரும் வழியை எடுத்துக்கொண்டோம். இடப்பக்கம் எர்ணாவூரிலிருந்து நீ வரும் வழி. வலப்பக்கம் டோல்கேட்டிலிருந்து நான் வரும் வழி.

முதலில் இரண்டு பகுதிக்கும் சரிபாதி அகலம் கொடுத்தோம். சுற்றிலும் கோடு போட்டு நடுவில் இடைவெளி விட்டதும், என் பகுதி உன்னுடையதற்குக் கீழே போய் விழுந்தது. நான் விழித்தேன். நீ சிரித்தாய்.

"ஷேர் ஆட்டோல இடமில்லாதப்ப இன்னொரு ஆளு ஏறுனா இன்னா ஆவும்? உன்ன எறக்கி வுட்டாங்க."

"அப்போ இன்னாடி பண்றது?"

"நான் கொஞ்சம் ஒடுங்கிக்கறேன். நீயும் ஒடுங்கு."

இரண்டின் அகலத்தையும் குறைத்தாய். என் பகுதி மேலேறி உன் பக்கத்தில் வந்து நின்றது. மறுநாளே அதைவிட நல்ல முறையைக் கண்டுபிடித்தாய். அகலத்தைச் சொல்லவே வேண்டாம். இருக்கிற இடத்தை இருக்கிற பகுதிகளே பங்கிட்டுக்கொள்ளும்படி எழுதினால் போதும். "அதுங்களே அட்ஜஸ்ட் பண்ணிக்கும்" என்றாய்.

பின்னணிக்கு நான் இளமஞ்சள் போட்டேன். நீ சாம்பல் நிறம் எடுத்தாய்.

"இன்னாடி இது, அழுக்காட்டம்?"

"எங்க வூட்டாண்ட வெள்ளத் துணி காயப் போட்டா இந்தக் கலருதான் வரும். நீ வந்து பாத்தியா?"

நான் வந்து பார்த்ததில்லை. நீ எழுதியதிலும் எடுத்த படங்களிலும்தான் பார்த்தேன். பாலத்தில் காற்று பாவாடையைத் தூக்குவது, வரிசையாக நிற்கும் கண்டெய்னர் லாரிகள், ஸ்டவ் பற்றவைத்து டீ போடும் டிரைவர்கள். கடைசிப் படம் நீ சாலையைக் கடக்கும் இடம். அதன் கீழே, "இங்கே சிக்னல் இல்லை. யாராவது பெரியவர்கள் கடந்தால் கூடவே ஓடிவிடுவேன்" என்று எழுதியிருந்தாய்.

அந்த இடத்தில்தான் வண்டி மோதி நீ போனாய். அதை எழுத எனக்குத் தெரியவில்லை.

உன் பகுதியை எடுத்துவிடலாம் என்று கம்ப்யூட்டர் மிஸ் சொன்னபோது நான் கத்தினேன். எடுத்தால் என்னுடையதையும் எடுங்கள் என்றேன். சரி, இருக்கட்டும் என்றார். பக்கம் எல்லோர் ஃபோனுக்கும் போனது. உனக்காக ஒன்றைக் காப்பாற்றிவிட்டதாக நினைத்தேன்.

இன்று மதியம் உன் அம்மா வந்தார். அறைக்குள் வரவில்லை. வாசலில் நின்றபடியே கேட்டார்.

"நீதான் இத்த வச்சிகினு கீறியா கண்ணு?"

"ஆமாம்மா."

"எடுத்துடும்மா. வரவங்க போறவங்கல்லாம் ஃபோன நீட்டி, உம் பொண்ணு எழுதிகீது பாருன்னு காட்றாங்க. அந்த ரோட்ட நான் தெனம் பஸ்ல வரச்சொல்லோ பாக்கறேன். ஃபோன்லயும் பாக்கணுமா?"

"அவ எழுதுனதும்மா."

"தெரியும். படிச்சா அவ பேசறாப்பலயே கீது. அதான் வாணான்றேன்."

மிஸ்ஸிடம் சண்டை போட முடிந்தது. உன் அம்மாவிடம், "எடுத்துடறேம்மா" என்றேன்.

அவர் போன பிறகு எடுத்தேன். எடுத்த உடனேயே என் பகுதி இடப்பக்கம் நகர்ந்து, விரிந்து, முழு அகலத்தையும் பிடித்துக்கொண்டது. நீ எழுதியபடி அது சரியாகத்தான் வேலை செய்தது. பதறிப்போய், எழுத்தே இல்லாத ஒரு சாம்பல் பெட்டியை உன் இடத்தில் வைத்தேன். என் பகுதி மறுபடியும் ஒதுங்கியது. மிஸ் பின்னால் வந்து நின்று, "காலியா இருந்தா பக்கம் இன்னும் லோட் ஆகலைன்னு நினைப்பாங்கம்மா" என்று மெதுவாகச் சொன்னார். அவர் சொன்னது சரிதான். அதையும் எடுத்தேன்.

இப்போது நான் வரும் வழி மட்டும் இருக்கிறது. பார்க்கிறவர்களுக்கு அதில் எந்தக் குறையும் தெரியாது. ஒருத்தி செய்தது என்றே நினைப்பார்கள்.

நீ எழுதிய வரிகள் எனக்கு மனப்பாடம். யாரிடமும் சொல்லக் கூடாதவையாக அவை என்னிடம் மிஞ்சியிருக்கின்றன. கண்ணை மூடினால் உன் தெருவிலிருந்து கிளம்புகிறேன். பாலம் வருகிறது, லாரிகள் வருகின்றன, டீ வாசம்கூட வருகிறது. நீ கடக்கும் இடத்தில் வந்து நிற்கிறேன். எத்தனை தடவை முயன்றாலும் அதைத் தாண்டிப் பள்ளிக்கு வந்துசேர முடியவில்லை.

மிஸ் சாவியோடு காத்திருக்கிறார். விளக்குகளையும் அணைத்துவிட்டார்.