வேலிக்கு உள்ளே

அன்புள்ள அம்மாவுக்கு, குட்டி எழுதுவது.

இங்கே நான் சுகம். முழங்கால் மாத்திரையைச் சாப்பிட்ட பிறகு போடு. வெறும் வயிற்றில் போட்டுவிட்டு, நர்ஸைப் பெற்றும் பிரயோஜனமில்லை என்று பக்கத்து வீட்டில் புலம்பாதே.

இந்த மாதம் நம் பிள்ளைகளைக் காட்டுக் குடிலுக்கு அனுப்புகிறார்கள். ஒன்பது பேர். பத்தாவதாக நான் போகிறேன்.

சிரிக்காதே. மாற்றல் வாங்கி இந்த மலைக்கு வந்து நாலு வருஷத்தில் எத்தனையோ பிரசவம் பார்த்துவிட்டேன். ஆனால் குடிலில் ஏழு நாள் இருந்து வராதவள் நாற்பது வயதானாலும் குழந்தைதான் என்பது நம் சனங்களின் கணக்கு. போன வருஷம் உள்ளே ஒரு பெண்ணுக்குக் காய்ச்சல் என்று கேட்டு மருந்துப் பையோடு ஓடினேன். ஊர்த் தலைவர், என்னைவிட ஐந்து வயது சின்னவர், குடில் வேலியில் மறித்து, "உனக்கு இன்னும் வயசு வரல குட்டி" என்றார். காய்ச்சலில் அவளுக்குக் காது போய்விட்டது. எட்டாம் நாள் காலை வழக்கப்படி அவள் அம்மா பிள்ளைப் பெயரைச் சொல்லிக் கடைசியாக ஒருமுறை கூப்பிட்டாள். பிள்ளை திரும்பக் கூடாதல்லவா? அவள் அசையாமல் நின்றாள். எல்லோரும் மெச்சினார்கள்.

அன்றே முடிவு செய்தேன். அடிமேல் அடி அடித்தால் அம்மியும் நகருமே, தலைவர் நகரமாட்டாரா? வாரம் தவறாமல் போய் நின்றேன். கடைசியில், "பிள்ளையாத்தானே வர்ற, வா. கையில பை இருந்தா நான் பார்க்கல" என்றார். ஒருமுறை முடித்துவிட்டால் பிறகு ஒவ்வொரு வருஷமும் என்னை யாரும் தடுக்க முடியாது.

அன்று எட்டாம் நாள் அண்ணனைக் கூப்பிடப் போன நீ அவன் உடலைத் தூக்கிக்கொண்டு வந்தாய். என் முறை வருமுன் என் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு மலையிறங்கினாய். அதனால்தான் இன்று எனக்கு ஊசி போடத் தெரிகிறது. உன்மேல் எனக்கு ஒரு குறையும் இல்லை.

ஆனால் அம்மா கூப்பிடாமல் சடங்கு முடியாது. வேறு யாராவது கூப்பிடலாமா என்று கேட்டும் பார்த்துவிட்டேன், தலைவர் ஒப்பவில்லை. இந்த மலையில் இனிக் கால் வைப்பதில்லை என்று நீ சொன்னது மறக்கவில்லை. நான் அப்போது குடிலில் இருப்பேன், பதினெட்டாம் தேதி ஜீப் வரச் சொல்லியிருக்கிறேன். ஜீப் ஏறாத மேட்டில் உன்னை நாற்காலியில் வைத்துத் தூக்கி வர நாலு பேரைப் பேசிவிட்டேன்.

வந்து ஒரே ஒரு தடவை கூப்பிடு, அம்மா. நான் திரும்பமாட்டேன். ஆனால் எனக்குக் கேட்கும்.

அந்தக் காலை வரைக்கும்,
உன் குட்டி