ஓஷேனின் போன்களும் என் ரப்பர் பல்லியும்

மார்ச் 2, சனி

கிங்ஸ்டனிலிருந்து இரண்டு பஸ் மாறிப் பெண்கள் சிறைக்குப் போனேன். நான்கு சனிக்கிழமை ஒரு கைதியிடம் புத்திமதி கேட்க வேண்டும். அப்புறம்தான் எனக்கு வீடா, சிறுமியர் சீர்திருத்த விடுதியா என்று நீதிபதி சொல்வார். பள்ளியில் களவுபோன ஆறு போன்கள் என் பையில் இருந்தன. வைத்தவன் எங்கள் தெரு ஓஷேன், என் கூட்டாளி. நான் அவன் பெயரைச் சொல்லவில்லை. காட்டிக்கொடுத்தவளோடு எங்கள் தெருவில் எவரும் பேசமாட்டார்கள்.

எனக்கு வாய்த்த கைதி ஓடெட். இருபத்தாறு வயது. தாளைப் பார்த்து வாசிக்கிறாள். "தப்பான வழியில போகாத."

"இங்க பஸ் ஏத்தி விட்டதே கோர்ட்டுதான், மிஸ்."

சிரிக்கவில்லை. சுவருக்குக் கிச்சுகிச்சு மூட்டியிருக்கலாம்.

மார்ச் 9

அதே தாள். அதே வரி. இருக்கட்டும், அடுத்த வாரம் பல்லி.

மார்ச் 16

ரப்பர் பல்லி என் கொண்டைக்குள் பயணம் செய்தது. காவலர் செருப்பைக்கூட உதறிப் பார்த்தார், தலையை விட்டுவிட்டார். தாளுக்கடியில் வைத்தேன். ஓடெட் மேசைமேல்! பிஸ்கட் தட்டு பறந்தது. கொலை வழக்கில் உள்ளே இருக்கும் ஒரு தடித்த அம்மாள் நாற்காலியில் ஏறி நின்று இயேசுவைக் கூப்பிட்டாள்.

"யார் வேலை?" என்றார் அதிகாரி.

சிறையில் எவளும் வாய் திறக்கமாட்டாள் என்று நம்பினேன். ஓடெட் விரலை நீட்டினாள். "இவதான்."

இவளா எனக்குப் புத்தி சொல்ல வந்தவள்? விஷயம் நீதிபதிக்குப் போகிறதாம். எல்லாம் நாசமாப் போச்சு.

மார்ச் 23

"வெக்கமா இல்ல உனக்கு?" என்று கத்தினேன்.

ஓடெட் தாளை மடித்தாள். "ஏர்போர்ட்ல ஒருத்தனோட கஞ்சாப் பெட்டிய என்னோடதுன்னு சொன்னேன். ஏழு வருஷம். பாக்க வந்தானான்னு கேளு."

"வந்தானா?"

"கல்யாண போட்டோ அனுப்பினான். உன் பல்லிக்காக ஒரு மணி நேரம்கூட நான் இங்க கூடுதலா இருக்கமாட்டேன்டி."

எரிச்சலாக இருக்கிறது.

மார்ச் 27

ஆறாவது தடவை கூப்பிட்டபோதுதான் ஓஷேன் போனை எடுத்தான். "வாய மூடிக்கிட்டு இரு. விடுதியில சும்மா சோறு போடுவாங்க, தின்னுட்டுக் குண்டாகு." சிரித்தான்.

நான் அடிக்கும் ஜோக் மாதிரியே இருந்தது. அதுதான் தாங்க முடியவில்லை.

ஏப்ரல் 3

நீதிபதி பல்லி சமாச்சாரத்தை முகம் மாறாமல் வாசித்து முடித்தார். "பை உன்னுடையது. போன்கள்?"

சொன்னேன். பெயர், தெரு, எல்லாம்.

அம்மாவோடு திரும்பும்போது, செய்தி எங்களுக்கு முன்னே வந்து சேர்ந்திருந்தது; தெருமுனைக் கடையில் பேச்சு நின்றுபோனது. அம்மா ரொட்டி கேட்டாள். கடைக்காரர் காது கேளாதவர்போல் தராசைத் துடைத்துக்கொண்டிருந்தார். அம்மா நகரவில்லை. தெருவுக்கே கேட்கிற மாதிரி மறுபடி கேட்டாள்.

"ரெண்டு குடுங்க. என் பொண்ணு வீட்டுக்கு வந்திருக்கா."